வில்லங்கம் உண்டு

கோயம்புத்தூர்க்காரர் விடுதி கட்டப்போகிறார்.
வங்கிக்கு முப்பது வருஷ வில்லங்கம் போதும் என்றேன்.
அவருக்கு வேர்வரைக்கும் பார்க்கணுமாம்.

மழைநாளில் கோத்தகிரிச் சார்பதிவகத்துப் பழைய புத்தகங்கள்
நனைந்த கம்பளி மாதிரி நாறும்.
மூலப் பத்திரம் ஆயிரத்து எண்ணூற்று எண்பத்தாறு.
எழுதி வாங்கியவர்
அயர்லாந்து தேசம் கில்வாரன் எஸ்டேட்,
லண்டன் பார்லிமெண்ட் மாஜி மெம்பர்
தியோபால்ட் ப்ரெண்டர்காஸ்ட் துரை.
தொழில் என்ற இடத்தில்
'கனவான்' என்று இருந்தது.
முப்பத்தொரு வருஷமாகப் பத்திரம் எழுதுகிறேன்,
இப்படி ஒரு தொழிலை எவரும் சொன்னதில்லை.

பங்களாவுக்கும் கில்வாரன் என்றே பெயர் வைத்தார்.
மேஸ்திரிகள் வாயில் அது
கீழ்வாரம் ஆயிற்று.
உழுகிறவன் பங்குக்கு அதுதான் பெயர் என்று
கடைசிவரை அவரிடம் ஒருத்தரும் சொல்லவில்லை.

மீதிக் கதை ஊட்டி கோர்ட்டுக் கட்டில் கிடைத்தது.
ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபத்தொன்று.
வாதி, அண்ணன் மகன்.
பிரதிவாதி, மகள் வில்ஹெல்மினா, வயது அறுபத்து மூன்று,
புத்தி பேதலித்தவள் என்று பிராது.

கூண்டில் ஏறிச் சொல்கிறாள்:

அப்பா மூன்று தேர்தலில் நின்றார்.
முதல் இரண்டில்
குத்தகைக்காரர்கள் எழுந்து நின்று
உரக்கப் பெயர் சொல்லி ஓட்டுப் போட்டார்கள்.
வேறு பெயர் சொன்னவன் வீட்டுக்கு
மறுவாரம் கூரை இல்லை.
மூன்றாவதில் சீட்டு, பெட்டி, திரை வந்துவிட்டது.
அப்போது எனக்குப் பதினாறு.
எண்ணி முடித்த ராத்திரி
அப்பா ஒவ்வொரு குடியானவன் முகமாக நினைத்துப் பார்த்து
எவன் என்று கண்டுபிடிக்க முடியாமல்
விடியும்வரை உட்கார்ந்திருந்தார்.

இந்த மலைக்கு வந்த பிறகும் பேசுவார்.
சாப்பாட்டு மேஜையில் எழுந்து
"கனம் சபாநாயகர் அவர்களே" என்பார்,
பன்னிரண்டு வருஷம் முன்னால் நிறைவேறிய மசோதாவை எதிர்த்து.
பட்லர் சவரிராயன்தான் எதிர்க்கட்சி.
சூப் ஆறிவிடும்.
அம்மா இரண்டாம் மழைக்காலத்தில் செத்தாள்.
அதற்கு மட்டும் அவர் பேசவில்லை.
பெரியண்ணன் குதிரையிலிருந்து விழுந்தான்.
சின்னவன் பர்மாவில்.

வக்கீல் கேட்கிறார்:
பெள்ளன் என்கிற படகருக்கு
மூன்று ஏக்கர் நாற்பது சென்ட்டில்
உருளைக்கிழங்கு விளையும் மட்டும்
அவனும் வாரிசுகளும் வாடகை தரவேண்டாம் என்று
ஏன் எழுதிக் கொடுத்தீர்கள்? ஏன் கிழங்கு?

கிழங்கு அழுகிய வருஷங்களில் நான் பிறக்கவில்லை.
ஆனால் கணக்குப் புத்தகங்கள் வீட்டில் இருந்தன.
அந்த வருஷங்களில்
பாக்கி என்று ஒரு வரிகூட இல்லை.

அவ்வளவுதான் வாக்குமூலம்.
முன்சீப் இரண்டே பத்தியில்
சித்த சுவாதீனத்தோடு இருக்கிறாள் என்று எழுதிவிட்டார்.
அந்தக் குடும்பத்துக்கு அது இரண்டாவது தோல்வி,
அல்லது முதல் ஜெயம்.
எனக்குத் தெரியவில்லை.

நிலத்தைப் பார்க்கப் போனோம்.
புழு விழுந்து கிழங்கு கெட்டபின்
சரிவு முழுக்கத் தேயிலைதான்.
நிபந்தனை செத்துப்போச்சு என்று அவர் சிரித்தார்.
கொட்டகைக்குப் பின்னால்
பெள்ளனின் பேரன் மனைவி ருக்கி
மண்ணணைத்துக்கொண்டிருந்தாள்.
நாலு பாத்தி.
வெள்ளைப் பூ விட்டிருந்தது.

இதைப் பிடுங்கிப்போட்டால்?
என்னிடம்தான் கேட்டார், மெதுவாக.
அவளுக்குக் காது நன்றாகக் கேட்கிறது.
"மூணு மாசத்துக்கு ஒருக்கா நானே பிடுங்கறேனே.
பிடுங்கிட்டு நட்டுடுவேன்."

திரும்பும் வழியில் கார் ஹேர்பின் வளைவுகளில்
அவர் ஒன்றும் பேசவில்லை.
எழுத்துக்கூலியில் ஐந்நூறு குறைத்தார்.
நான் பேரம் பேசவில்லை.
சொத்து விவரத்துக்குக் கீழே
கடைசி வரியை மட்டும்
என் கையால் எழுதினேன்:

வில்லங்கம் உண்டு.
விளைந்துகொண்டிருக்கிறது.