காரணம் (ஒரு வரியில்)

பிறைத் தொழிற்பேட்டை. காலை ஆறே முக்கால்.
ஏழாம் எண் ப்ளோவரின் பேரிங்கை
கிரைண்டரால் இரண்டாக அறுத்து
பழைய நாளிதழின்மேல் வைத்திருக்கிறேன்.
பக்கத்தில் படிவம்.
பழுதுக்குக் காரணம், ஒரு வரியில்.
தீப்பெட்டி அகலம்கூட இல்லாத கட்டம்.

கேட்லாக் சொன்னது நாற்பதாயிரம் மணி.
கேட்லாக் பொய் சொல்லாது.
நூறில் பத்து அதற்கு முன்பே போய்விடும் என்று
பொடி எழுத்தில் ஒப்புக்கொண்டுவிடும்,
எந்தப் பத்து என்று மட்டும் சொல்லாது.
இது ஆறாயிரத்து இருநூறில் கத்தியது.

ஸ்க்ரூடிரைவர் முனையை உறையில் ஊன்றி
பிடியைக் காதெலும்பில் அழுத்திக் கேட்டேன்.
நல்ல பேரிங் என்றால் தூரத்து மழை.
இது, யாரோ மணலில் கடலை வறுக்கிற சத்தம்.
தொண்ணூற்றெட்டு டிகிரி.

துடைத்துப் பார்க்கிறேன்.
வெளிவளையத்தில், பாரம் இறங்கும் இடத்தில்
நகக்கண் அளவுக்குச் செதில் பெயர்ந்திருக்கிறது.
ஒரு பிறை. ஊரைச் சொல்லவில்லை.

வயதாகிச் சாகும் பேரிங்
பளபளப்புக்குக் கீழே, உள்ளிருந்துதான் விரியும்.
இது மேலிருந்து போயிருக்கிறது.
மூச்சு பட்ட கண்ணாடியாய் முதலில் மங்கி
பிறகுதான் செதில்.

உருளைக்கும் வளையத்துக்கும் நடுவில்
முடியின் நூற்றிலொரு பங்கு எண்ணெய்.
முந்நூறு கிலோ விசிறி
அதன்மேல்தான் மிதக்க வேண்டும்.
தொடாமல் தாங்க வேண்டும்.

உறைக்குள் கிரீஸ் இல்லாமல் இல்லை,
வழிகிறது.
சாம்பல் நிறம். திரிந்த பால்.

பகலில் நான் அடிப்பது பழுப்பு.
இரவில் ரொஸ்லான் அடிப்பது நீலம்.
இரண்டும் விலை உயர்ந்த ரகம்.
சேர்ந்தால் ஒன்றின் சோப்பை மற்றது கரைக்கும்;
பிடித்துவைத்த எண்ணெயைக் கைவிடும்.

லாக்புக்கில் அவன் எழுதியிருந்தான்: சுடா கிரீஸ்.
மலாயில், போட்டாயிற்று என்று அர்த்தம்.
தமிழில் வாசித்தால் சுடாத கிரீஸ்.
சுட்டது.

எழுதியதை நான் நம்பவில்லை,
மூன்று அழுத்து கூடுதலாக அடித்தேன்.
கீழே என் கையெழுத்து இருந்தது,
அவனும் நம்பவில்லை போல.
பட்டினியில் செத்த பேரிங் எத்தனையோ பார்த்தவள் நான்.
இது இரண்டு வீட்டில் சாப்பிட்டுச் செத்தது.

எட்டை ஓட்டலாம் என்றார் சூப்பர்வைசர் கெங் ஹூய்.
எட்டு, ஸ்பேர். பதினொரு மாத ஓய்வு,
ஏழின் பக்கத்தில், அதே இரும்புத் தளத்தில்.
போட்ட உடனே முனகியது.
திறந்தால்
உருளைகள் நின்ற இடத்திலெல்லாம்
அளந்து வைத்ததுபோல் குழிகள்.
பக்கத்து அதிர்வை வாங்கி வாங்கி
ஒரு சுற்றும் சுற்றாமல் தேய்ந்திருக்கிறது.
இதற்கும் ஒரு படிவம் உண்டு.

ஷிப்ட் முடிந்து ஹெல்மெட்டோடு வந்தான் ரொஸ்லான்.
நாளிதழைப் பார்த்தான்.
கூழை விரலில் தொட்டு, தேய்த்து, முகர்ந்தான்.
"நீலமா?"
"பழுப்பும்."
இரண்டு வருடம் ஒரே நிப்பிளைத் துடைத்திருக்கிறோம்,
பேசியது இதுதான் முதல் தடவை.
அவன் சிரிக்கவில்லை. நானும்தான்.
தன் கிரீஸ் கன்னை ரேக்கில் மாட்டி
என்னுடையதன் பிடியில்
மஞ்சள் டேப்பைச் சுற்றினான்.

தேய்மானம் என்று எழுதினால்
கட்டம் நிறையும், கேள்வி வராது.
உயவுக் குறைபாடு என்றும் எழுதலாம்.
குறைபாடா?
பேனா மூடி பல்லில் இருக்க
கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தேன்.
இருவர், என்று எழுதினேன்.
மேனேஜர் கூப்பிடுவார், கூப்பிடட்டும்.

எட்டுக்கு இன்று புது பேரிங் போட்டாயிற்று.
இனி திங்கள்தோறும் ஷாஃப்டைக் கையால்
கால் சுற்று திருப்ப வேண்டும்.
யார் என்று அட்டவணையில் இல்லை.
சாக்பீஸால் ஷாஃப்டில் ஒரு கோடு போட்டேன்.
வீட்டுக்குக் கிளம்பியவன் திரும்பி வந்து
கோட்டின்மேல் கட்டைவிரலை வைத்து
மெல்லத் தள்ளினான்.
சத்தமே இல்லை.