கிளிக்கு இரண்டு ரூபாய்

காரைக்குடி, கல்லுக்கட்டிக்குப் பின்தெரு,
கொப்புடையாள் ஆப்செட்.
பதினொரு வருஷமாக இங்கே
கல்யாணங்களைத் தட்டச்சு செய்கிறேன்.
‘நிகழும் மங்களகரமான’ என்பதை
என் விரல்கள் தூக்கத்திலும் அடிக்கும்.
முதலெழுத்துகள் மாறும்,
இளையாத்தங்குடி மாத்தூராகும்,
மற்றபடி ஊரே ஒரே முகூர்த்தத்தில்
ஒரே ஆளைக் கட்டிக்கொள்வதுபோல் இருக்கும்.

ஒருமுறை ‘வருகை தந்து சிறப்பிக்குமாறு’ என்பதைத் தூக்கிவிட்டு
‘வந்துவிடுங்கள்’ என்று போட்டுப் பார்த்தேன்.
முதலாளி சிரிக்கவில்லை.
‘மரகதம், இது கல்யாணம். கதை இல்லை.’

சென்ற செவ்வாய் பள்ளத்தூரிலிருந்து
சேவுகன் செட்டியார் வந்தார்.
பிளாஸ்டிக் உறைக்குள் அவருடைய சொந்தக் கல்யாணப் பத்திரிகை:
பிரபவ வருஷம், ஆவணி, எங்கள் அச்சகத்தில் அடித்தது.
மகனுக்கும் இதே வேண்டும்.
இதே மஞ்சள், இதே எழுத்து, இதே வரிசை.
‘பிரபவ’ என்பதைப் ‘பராபவ’ ஆக்கினால் போதும்.
மாப்பிள்ளை வெள்ளையப்பன்,
பெண் உமையாள்.

மேல் மூலைகளில் இரண்டு கிளி.
இடக்கிளி கிளையில் உட்கார்ந்திருந்தது.
வலக்கிளி தலைகீழாகத் தொங்கியது.
பிழை என்று நினைத்து நிமிர்த்தி வைத்தேன்.

ப்ரூஃப் பார்த்தவர் நாற்காலியை விட்டே எழுந்துவிட்டார்.
‘அம்மா, அந்தக் கிளி தலைகீழாத்தான் இருக்கணும்.
எங்க வீட்டு முறை.
தம்பி கல்யாணம், தங்கச்சி மக கல்யாணம்,
எல்லாத்துக்கும் அப்படித்தான்.’
ஏன் என்று கேட்டேன்.
அம்பாளை வணங்குகிறது என்றார்.
கூட வந்த ஆச்சி, இல்லை,
சம்பந்தி வீட்டுக்குப் பணிகிறது என்றார்.
கார் ஓட்டி வந்தவரிடம் மூன்றாவது காரணம் இருந்தது.
அவரை யாரும் கேட்கவில்லை.

பரணில் பழைய கூலி நோட்டுகள் உண்டு.
மத்தியானம் சாப்பாட்டை விட்டுவிட்டு ஏறினேன்.
கரப்பான் முட்டைகளுக்கு நடுவே
பிரபவ, ஆவணி, பன்னிரண்டாம் தேதி:

‘கம்பாசிட்டர் இருளப்பன்.
கிளியைக் கவிழ்த்து வைத்ததற்கு அபராதம் ரூ. 2.
கேட்டதற்கு, சும்மா என்றான்.’

சும்மா.
அந்தச் சொல்லின் மேல் கொஞ்ச நேரம்
விரலை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.
ஈய எழுத்துக்காரனுக்கு
உலகம் கவிழ்ந்துதான் கிடக்கும்.
நாளெல்லாம் அடுத்தவர்களின் சுபமுகூர்த்தத்தைத்
தலைகீழாகப் படித்தவன்
ஒரே ஒரு கிளியை
தனக்கு நேராக வைத்திருக்கிறான்.
இரண்டு ரூபாய்க்கு
அன்று ஒரு சினிமா பார்த்திருக்கலாம்.

கீழே வந்து கிளியை மறுபடி கவிழ்த்தேன்.
பிறகு, கடைசி வரியில்
சுபத்துக்குப் பின்னால் நின்ற முற்றுப்புள்ளியை எடுத்து
இடக்கிளியின் அலகில் வைத்தேன்.
அரைப் பருக்கை இருக்கும்.
ஏன் என்று யாராவது கேட்டால்
என்னிடமும் அந்த ஒரே பதில்தான்.

இரண்டாம் ப்ரூஃபில் சிவப்பு வட்டம்.
‘இது என்ன?’
‘பழசுலேயே இருக்குங்க. மசி அப்பியிருக்கு,
பளிச்சுனு தெரியலை.’
கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றி
பழைய பத்திரிகையை வாசல் வெயிலில் பிடித்தார்.
வெகுநேரம்.
‘ஆமா’ என்றார், ‘இருக்கு.’
கையெழுத்துப் போட்டார்.

பொய் சொன்னது உறுத்துகிறது.
அவர் பார்த்துவிட்டது
அதைவிட.

ஆயிரத்து இருநூறு பிரதி.
நூறு நூறாகக் கட்டும்போது கவனித்தேன்.
ஒன்று தலைகீழாக, முறைப்படி.
மற்றது நிமிர்ந்து உட்கார்ந்திருக்கிறது
வாயில் பருக்கையோடு.
சொன்னதைச் சொல்ல வேண்டுமென்றால்
முதலில் அது
அதை விழுங்கியாக வேண்டும்.