ஓரெழுத்துப் பகிடி

டூப்ளிகேஷன் வீதியில், ஒரு பல் வைத்தியருக்கு மேல்மாடியில்
வியாழன் இரவுகளில் நகரம் வாயைத் திறக்கும்.
நுழைவு ஆயிரத்தைந்நூறு, ஒரு குளிர்பானமும் சேர்த்து.
பகலில் நான் யூனியன் பிளேசில்
மோதிய கார்களுக்கு இழப்பீடு எழுதுகிறவள்.
இரவில் ஏழு நிமிடம் மைக்.

அறிவிப்பாளன் தெவ்மின
தர்மவதனி என்ற பெயரை
லிப்ட் இல்லாத கட்டடத்தைப் பார்ப்பதுபோலப் பார்த்தான்.
பிறகு "டொமி!" என்று கூப்பிட்டான்.
எங்கள் ஒழுங்கையில் ஒரு நாய்க்கும் அதுதான் பெயர்;
கூப்பிட்டால் அது வராது, நான் வந்திருக்கிறேன் என்றேன்.
கொஞ்சம் சிரித்தார்கள்.

முன்னால் ஆங்கிலம். நடுவில் சிங்களம்.
ஐந்தாம் மேசையில் கறுவாத்தோட்டத் தமிழ்:
விளங்கும், பேசும், வாசிக்காது.
மூன்றையும் குழைத்துத்தான் சொல்லுவேன்.
சிரிப்பும் தவணைமுறையில் வரும்.
விளங்கியவர்கள் முதலில்,
காதுக்குள் சொல்லக் கேட்டவர்கள் அடுத்து,
பக்கத்துக் கதிரை குலுங்குகிறதே என்று
சிரிப்பவர்கள் கடைசியில்.
கடைசித் தவணைதான் எப்போதும் பெரிது.

வெள்ளவத்தையில் அறை எடுத்தபோது
பொலிஸில் கேட்டார்கள்:
எந்த ஊர், ஏன் வந்தாய், எப்போது போவாய்?
கலியாணமான அன்று மாமியாரும் இதே மூன்றையும் கேட்டார்.
பொலிஸ்காரர் என்றாலும் பதிந்ததற்கு ஒரு துண்டு தந்தார்.
மேசைகளில் தட்டினார்கள்.
ஒருவருக்குப் பியர் மூக்கால் வந்தது.

அந்தத் துணிவில், எழுதிவைக்காத ஒன்றைச் சொன்னேன்.
கடவுச்சீட்டுக் கந்தோரில் ஓர் அறிவிப்பு:
'வரிசையில் நிற்கவும்' என்று இருக்க வேண்டியது
'வரிசையில் விற்கவும்' என்று இருந்தது.
சொன்ன சொல் தட்டாமல்
அங்கே இரண்டு பேர் விற்றுக்கொண்டிருந்தார்கள்.
ஒருவர் உளுந்து வடை.
மற்றவர் வரிசையில் தன் இடம்.

ஒன்றும் இல்லை.
ஏசியின் சத்தம்தான்.
ஓரெழுத்தை எந்தக் காதுக்குள் மொழிபெயர்ப்பது?
ஐந்தாம் மேசை தொலைபேசியைப் பார்த்தது.
ஏழு நிமிடத்தில் இன்னும் நாலு மிச்சம்;
நாலு நிமிடம் எவ்வளவு நீளம் என்பது
அந்த வெளிச்சத்தில் நின்றவர்களுக்குத் தெரியும்.

அப்போது குசினிக் கதவுக்குப் பின்னால்
ஒரு கண்ணாடிக் கோப்பை விழுந்து உடைந்தது.
அதற்குப் பின்னால் ஒரு சிரிப்பு.
வயிற்றைப் பிடித்துக்கொண்டு, மூச்சு வாங்கி,
நிறுத்தப் பார்த்து, முடியாமல்,
மறுபடியும் முதலிலிருந்து.
தவணையில்லாத சிரிப்பு.

கதவுக்காரரை நோக்கியே மிச்சத்தைச் சொல்லி முடித்தேன்.
நூற்றிருபது பேருக்கு என் முதுகும் ஒரு காதும் போனது.

முடிந்ததும் உள்ளே போனேன்.
முழங்கைவரை நுரை. நாற்பது வயதிருக்கும்.
பண்டாரவளைப் பக்கம், தோட்டத்து ஆள்.
"கோப்பைக் காச சம்பளத்துல புடிப்பாங்க, பரவாயில்லக்கா" என்றார்.
"நம்ம கதையும் ஓரெழுத்துதான்.
அப்பா வச்ச பேரு புவிராஜ்.
அடையாள அட்டையில புலிராஜ்."

அவர் சிரித்தார். நான் காத்திருந்தேன்.

"சண்ட நேரம் கொட்டாஞ்சேனையில ட்ரக்க விட்டு எறக்கி
அட்டைய டார்ச் அடிச்சுப் பாத்தான்.
அப்பறம் என்னயப் பாத்தான்.
அப்பறம் மறுபடி அட்டைய.
பதினோரு நாளு வச்சிருந்தாங்க.
வெளிய விடுறப்ப பெரியவரு சொன்னாரு,
பேர மாத்திக்க தம்பின்னு.
மாத்துறதுக்குப் போனா
அந்தப் பேருல அட்ட கேக்குறாங்க!"

குழாய் ஓடிக்கொண்டிருந்தது.
பகிடி எங்கே முடிகிறது என்று
தொழில்முறையில் எனக்குத் தெரிந்திருக்க வேண்டும்.
தெரியவில்லை. இரண்டு செக்கன் பிந்தித்தான் சிரித்தேன்,
மூன்றாம் தவணைக்காரியைப்போல.

"இத நீங்க மேல சொல்லுங்கக்கா."
மாட்டேன் என்றேன்.
கதவருகில் ஆணியில் தொங்கும் தாளைக் காட்டினேன்:
அடுத்த வியாழன், புதியவர்கள், ஆளுக்கு மூன்று நிமிடம்.
"பத்தரைக்குள்ள கூப்பிட்டாத்தான். அப்பறம் தட்டு குமிஞ்சிரும்."
கையைக் காற்சட்டையில் துடைத்தார்.
பேனை ஈரத்தில் எழுத மறுத்தது, உதறினார்.

எட்டாம் இலக்கத்தில்,
பள்ளிக்கூடத்துக் கையெழுத்தில், மெதுவாக,
புலிராஜ்.

நான் பார்த்ததைப் பார்த்து,
"அட்டையில உள்ளபடிதானே போடணும்" என்றார்.