தட்டைக் கூரை

பாசையூர்ச் சந்தை, விடிய ஐந்தே முக்கால்.
மடுத்தீனின் சேட்டுக் கொலரில் மைக்கைக் குத்தி
"ஏதாவது கதையுங்கோ" என்றேன்.
"ஒண்டு, ரெண்டு, மூண்டு" என்றார்,
பாவசங்கீர்த்தனம் சொல்லுகிற குரலில்.
அந்தக் குரலுக்கு அளவாய்க் கெயினைத் திருகி வைத்தேன்.
பிழை அங்கேதான்.

ஆறு மணிக்குப் பாரை வந்தது.
ஒவ்வொன்றும் ஒரு பிள்ளையின் நீளம்.
மடுத்தீன் மீன்பெட்டியில் ஏறி நின்று கூறத் தொடங்கினார்:
"எட்டாயிரம்! எட்டாயிரத்தஞ்ஞூறு! ஒம்பது, ஒம்பது, ஒம்பது!"
மீட்டரில் சிவப்பு எரிந்தது. அணையவேயில்லை.
நான் காணவில்லை.
நானும் பாரையைத்தான் பார்த்துக்கொண்டு நின்றேன்.

இரவு, ஆனைப்பந்தியில் வாடகை அறை.
ஹெட்போனுக்குள் யாரோ தகரம் கிழிக்கிறார்கள்.
ஆறு மணிக்கு முந்தியதெல்லாம் திறம்:
காகம், ஒரு சைக்கிள் மணி, யாரோ செருமுவது,
பளிங்குபோல "ஒண்டு, ரெண்டு, மூண்டு."
அதற்குப் பிறகுதான்.
அலையைப் பெருப்பித்தேன்.
வளைந்து ஏறி வளைந்து இறங்கவேண்டிய இடமெல்லாம்
நேர்கோடு.

தலை போன பனை என்று எழுத வந்தது.
வேண்டாம், எல்லாரும் எழுதியாயிற்று.
இது எங்கள் ஒழுங்கையில் நிற்கிற அந்த வீடு:
கனடாக் காசு நின்றுபோக
பிளேட் போட்டதோடு விட்டது,
மேல்மாடிக்கென்று நீட்டிய கம்பிகள்
கறள் பிடித்து வானத்தைப் பார்த்தபடி.

சத்தத்தைக் குறைத்தேன்.
தட்டை, சின்னத் தட்டையாயிற்று.
பெட்டிக்குள் நுழையும்போதே வெட்டுப்பட்டது
மெல்லமாய்ப் போட்டால்
மெல்லமாய் வெட்டுப்பட்டிருக்கும், அவ்வளவுதான்.
கூரான ஒலிகளை மழுக்கிப் பார்த்தேன்.
தகரத்துக்கு மேல் சாக்குப் போட்ட மாதிரி.

மென்பொருள் ஒன்று இருக்கிறது.
இரண்டு பக்கச் சுவரையும் பார்த்து
மேல்மாடி இப்படித்தான் இருந்திருக்கும் என்று
தானே ஊகித்துக் கட்டித் தரும்.
முதலில் மட்டத்தை ஆறு டெசிபெல் இறக்கி
கட்டுவதற்கு இடம் விடவேண்டும்.
விட்டேன். கட்டியது.
தகரம் போனது. குரல் வழவழவென்று வந்தது.

ஆனாலும் மனம் கேட்காமல் மற்ற நாளும் போனேன்.
மீட்டர் மைனஸ் பன்னிரண்டைத் தாண்டாதபடி
தலைக்கு மேல் தாராளமாய் இடம் விட்டு.
அன்றைக்குச் சோளகம்.
கரைக்கு வந்தது நாலு கூறு சூடை.
மடுத்தீன் பெட்டியில் ஏறவேயில்லை.
"முந்நூறு... எடுக்கிறியளோ?"
துப்புரவான பதிவு.
நான் விட்ட இடத்துக்கு ஒருவரும் வரவில்லை.

ஐஸ் உருகி ஒழுகுகிற லொறிக்குப் பக்கத்தில்
திருத்தியதை அவருக்குப் போட்டேன்.
கையைச் சாரத்தில் துடைத்து, ஹெட்போனை மாட்டி,
கொஞ்சநேரம் கேட்டு,
"ஆரிது?" என்றார்.
"நல்லாத்தான் கூறுறான். எந்த ஊர்?"

பிறகு கிழிந்ததைப் போட்டேன்.
ஒரு பக்கத்தை இழுத்துப் பிடித்துக்கொண்டு சிரித்தார்.
"இது பாரை பட்ட அண்டைக்கு.
ஒம்பதரைக்கு விட்டனான். கொழும்பு ஆள் எடுத்தது.
இன்னும் ஐஞ்ஞூறு ஏத்தியிருக்கலாம்."

இரண்டு கோப்பையும் வைத்திருக்கிறேன்.
எதை அனுப்புவதென்று இன்னும் முடிவில்லை.

இப்போது மைக்குக்கு முன்னால்
யாரையும் எண்ணச் சொல்வதில்லை.
"கடைசியாய் ஆரோடை சண்டை பிடிச்சனீங்கள்?"
என்று கேட்டுவிட்டு
கெயினில் விரலை வைத்தபடி
மீட்டரைப் பார்க்கிறேன்.