அறுபத்து மூன்று நாள்

கல்யாண் லாபியில் வருகைப் பதிவேடு என் பொறுப்பு.
ஞானதிரவியம், மோட்டார்மேன்,
பெயருக்கு நேரே அறுபத்து மூன்று சிவப்பு 'ஏ'.
போட்டவன் நான்.
கட்டத்தை விட்டு வெளியே போகாத என் கையெழுத்தை
விசாரணை அதிகாரியே மெச்சினார்.

இன்று அந்தக் கோப்பைப் பிளாஸ்டிக் பையில் சுற்றி
வயிற்றோடு அணைத்துக்கொண்டு
ஆடி மழையில், ஃபாஸ்ட் லோக்கலில்,
ஐகோர்ட்டுக்கு.

எங்கள் வக்கீல் சொன்னார்: ஒழுங்கீனம், மை லார்ட்.
எல்லாரும் இப்படி நின்றுகொண்டால் வண்டி யார் ஓட்டுவது?
அவர் வக்கீலுக்கு ஜலதோஷம்.
இருபத்தோரு வருஷ சர்வீஸ், ஒரு மெமோ கிடையாது,
டிஸ்மிஸ் என்பது
மனசாட்சியை உலுக்கும் தண்டனை என்று மூக்கை உறிஞ்சினார்.

உலுக்குவது என்றால் எனக்குத் தெரிந்தது
எமர்ஜென்சி பிரேக்.
பன்னிரண்டு பெட்டியும் உலுங்கும்.
ஆனாலும் வண்டி உடனே நிற்காது.
போன வருஷம் மும்ப்ரா வளைவில்
ஒரு பச்சைக் குடை.
அவர் வண்டிக்கு அது நாலாவது.
ஸ்டேட்மென்ட் எழுதிக் கொடுத்தார்,
மறுநாள் 'நார்மல்' என்ற டாக்டர் சீட்டோடு வந்தார்.
அதற்கும் மறுநாள் முதல் 'ஏ'.

"இத்தனை நாள் எங்கேதான் இருந்தார்?"
நீதிபதி கேட்டார்.
நூற்றுப் பன்னிரண்டு பக்கம் புரட்டினார்கள்.
குற்றப்பத்திரிகை இருந்தது,
'கதவு பூட்டியிருந்தது' என்று திரும்பிய மூன்று தபால் இருந்தன.

தாகுர்லி. இரண்டாம் பிளாட்பாரம், கடைசி பெஞ்ச்.
சீருடை, மடியில் டிபன் பாக்ஸ்.
ஒவ்வொரு வண்டியும் வந்து நின்று
கிளம்பும்வரை பார்த்தபடி.
என் எட்டு நாற்பத்திரண்டு ஸ்லோ அங்கே நிற்கும்.
ஒருநாள் கைகூடத் தூக்கினார்.
ஒன்பதே காலுக்கு நான் பேனாவைத் திறந்தேன்.

கோப்பு சுமந்து வந்தவனைக் கோர்ட் எதுவும் கேட்பதில்லை.

டிஸ்மிஸ் ரத்து.
எட்டு வாரத்துக்குள் சின்னதாக ஒரு தண்டனையை
இலாகாவே பார்த்துக் கொடுக்கட்டும்.
அறுபத்து மூன்று நாளும் 'டைஸ் நான்'.
லத்தீனாம்.
வேலை செய்த நாளில்லை, விடுப்பில்லை,
சம்பளமில்லை, சர்வீஸில் முறிவுமில்லை.
சுருக்கமாக, நாளே இல்லை.

வாசலில் மழை விடக் காத்து நின்றார்.
என்னைப் பார்த்ததும்,
"திரும்ப லைன்லதான் போடுவாங்களா?"

போடச் சொல்கிறாரா,
வேண்டாம் என்கிறாரா,
முகத்தில் ஒன்றும் தெரியவில்லை.

"ஆர்டர் வரட்டும் சார்" என்றேன்.
கவுண்டருக்கு வருகிற எல்லாரிடமும்
அதைத்தான் சொல்வேன்.