ஏழாம் வால்வு பற்றி, அடுத்த ஷிப்டுக்கு

பிரம்மநாயகம்,
நீ வரும்போது நான் கிளம்பியிருப்பேன்.
ஃபிளாஸ்கில் அரை டம்ளர் டீ இருக்கிறது, சீனி இல்லை.
மடக்கி நேற்று ராத்திரி முப்பத்தோரு லாரியை மடக்கியது.
எல்லாம் வாழைத்தார்.
முக்கூடல் வாசலில் நுழைந்த வண்டி
கோயம்பேட்டில் இறங்கும்போது
வெட்டின காம்பில் ஊறிய பால்
இன்னும் சொட்டவில்லை என்று
டிரைவர் படம் அனுப்பியிருக்கிறார்.

நடுவிலுள்ள ஊர்களை மடித்துவிடுகிறோம்,
வேட்டியை மடித்துக் கட்டுகிற மாதிரி
கயத்தாறு உள்ளே போய்விடுகிறது, திருச்சி உள்ளே போய்விடுகிறது.
சரி. அந்தப் பதினோரு மணி நேரம்?
கரட்டில் வடிந்துவிடும் என்றார்கள் பயிற்சியில்.
கரட்டு உடைமரங்கள் வாரம் இருமுறை பூப்பதை
நீயும் பார்த்திருக்கிறாய்,
குஞ்சு ஓணான் மத்தியானத்துக்குள் கிழடாவதையும்.

நான் எழுத வந்தது ஏழாம் வால்வு.

அது கசிகிறது.
கசிவு போய் நிற்பது கீழத்தெருவின் கடைசி வீட்டில்,
ராத்திரி ஒன்றேகாலுக்கு,
அந்த வீட்டுக்குள் மட்டும் ஒரு மணி நேரம்.
முப்பிடாதி வீடு.

முதல் தடவை கேட்டுக்கு வந்தபோது
கையில் பீடிக்கடை பாஸ்புக்.
"நாய் குலைக்க வாயத் தொறந்துச்சு சார், மூடவே இல்ல.
ஃபேன் இறக்கை மூணும் எண்ணுத மாதிரி நிக்கி.
எம் மக பொரண்டு படுக்கப் போனவ பாதியில நிக்கா.
நான் மட்டும் சுளகோட உக்காந்து
நூத்தி முப்பது பீடி சுத்திட்டேன்.
கணக்கப்பிள்ள கேக்காரு,
ஏட்டி, உனக்கு மட்டும் ஏது இந்த நேரம்னு.
நா என்ன சொல்ல?"

நான் என்ன சொல்ல.
புகார்ப் படிவத்தில் 'இழப்பு' என்று கட்டம் இருந்தது.
'மிகுதி' என்று இல்லை.
தூரத்தையே மடிக்கிற இந்தக் காலத்திலும்
ஆயிரம் பீடிக்குக் கூலி
பேச்சுவார்த்தையில்தான் இருக்கிறது.

போன வாரம் கோபமாக வந்தாள்.
"நானும் எங்கக்கா தெய்வானையும் ரெட்டை.
அவ இருவது நிமிசம் மூத்தவ.
அந்த இருவது நிமிசத்துக்கு நாப்பது வருசமா
அக்கா அக்கான்னு கூப்புட்டாச்சு.
ஒங்க மிசினு அத ஒரே ராத்திரியில எடுத்துட்டு.
இப்ப நா அவளுக்கு ஒரு மாசம் மூப்பு.
யார யாரு கூப்புட?"

நான் சிரித்துவிட்டேன்.
அவளும் சிரித்தாள், பிறகு நிறுத்திக்கொண்டாள்.

அன்றைக்கே ஸ்பானர் எடுத்து ஏழை இறுக்கினேன்.
பதிவேட்டில் பதினாறாம் பக்கம்.

நேற்று மறுபடி வந்தாள்.
பாஸ்புக் இல்லை, கை சும்மா.
"ஏன் அடைச்சீய?"

நீதானே புகார் சொன்னாய் என்றேன்.
"அடைக்கவா சொன்னேன்?" என்றாள்.
"அந்த நேரத்துல சுத்துதத நிறுத்தி அஞ்சு மாசமாச்சு.
சுளகத் தொடமாட்டேன்.
செவுத்துல சாஞ்சு காலை நீட்டிக்கிடுவேன்.
ஆத்துச் சத்தங்கூடக் கேக்காது.
எவனும் ஏட்டின்னு கூப்புட முடியாது,
நெனச்சாலும் முடியாது.
வயசு போனாப் போவுது,
எவ்வயசுதான?"

போனவள் மணல் குவியல் வரை போய்த் திரும்பி வந்தாள்.
"மகளுக்கு மட்டும் படாமப் பாத்துக்கிடுங்க.
அவ வயசு அவளுக்கு வேணும்."

பிரம்மநாயகம்,
வால்வு ஏழில் கால் திருகு திறந்து வைத்திருக்கிறேன்.
முள் சிவப்புக்கு ஒரு நூல் கீழே நிற்கும்.
நீ 'வரம்புக்குள்' என்று எழுது.
தணிக்கைக்கு வந்தால் வாஷர் பழசு என்று சொல்,
பொய்யில்லை, பழசுதான்.

ஒன்றேகாலுக்கு ஜன்னல் வழியே கீழத்தெருவைப் பார்.
கடைசி வீட்டு விளக்கு ஒரு தரம் இமைக்கும்.
நமக்குத் தெரிவது அவ்வளவுதான்.
அந்த நேரம் லாரி எதுவும் வந்து நின்றால்
கொஞ்சம் பொறுக்கச் சொல்.
வாழைத்தார்தானே.