ஈரக் கழிவு

சோலூர்மட்டம் இலைக் கொட்டகையில்
முத்திரை வைக்கப் போன அன்று
என் பெட்டியின் ஐந்து கிலோ எடைக்கல்
நான்கு கிராம் குறைந்தது.

மேட்டுப்பாளையத்தில் சரியாக இருந்தது.
குஞ்சப்பனை வளைவுகளில்
வாந்தியெடுத்தது நான்தான், கல் அல்ல.

மூன்று கிராமுக்கு உயரம் கணக்குச் சொல்லும்.
கீழே சரிபார்த்து மேலே ஏற்றிய மின்தராசு;
மலையேறினால் பூமி கொஞ்சம் பிடி தளர்த்தும்.
மிச்சம் ஒரு கிராம்?

அதற்குத்தான் போஜராஜனைக் கூட்டிவந்தார்கள்.
ஊட்டியில் வானத்துக் கதிர்களை எண்ணும் கூடத்தில்
இருபத்தாறு வருஷம் கருவி துடைத்தவர்.
ஓய்வுக்குப் பின் இரண்டு பயிர் வைத்தார்:
முட்டைக்கோஸ், ஒரு கோட்பாடு.
முட்டைக்கோஸைக் காட்டுப்பன்றி தின்றுவிட்டது.

சிவப்பு அட்டை நோட்டு. முதல் பக்கம்:
இந்த மலைக்கு எதிராக இன்னொரு நீலகிரி.
இரண்டும் ஒரே கோலில் தொங்குகின்றன.
இங்கே இறங்கினால் அங்கே ஏறும்.
முள் நடுங்கும் இடத்துக்கு
மூடுபனி என்று பேர் வைத்திருக்கிறோம்.

இங்கே உறைபனியில் தேயிலை கருகும் இரவில்
அங்கே அதே செடி கொழுந்து விடும்.
இங்கே காட்டெருமை சாய்த்த வேலி
அங்கே எழுந்து நின்று கை உதறும்.
இங்கே நான் சொல்லாமல் விட்டதை
அங்கே ஒருத்தி சொல்லித் தொலைத்துவிட்டு
தூங்காமல் கிடப்பாள்.

(இது நோட்டில் இல்லை.
கோத்தகிரி லாட்ஜில், கம்பளி போதாத இரவில்,
நானாகச் சேர்த்தது.)

கோட்பாடு நன்றாகத்தான் இருந்தது,
ஏஜென்ட் நஞ்சுண்டன் காதில் விழும்வரை.

"அப்ப சரிதானே மேடம்,
மூட்டைக்கு ரெண்டு கிலோ ஈரக் கழிவுன்னு
நான் பிடிக்கிறது காணாமப் போகலை.
அங்க யாருக்கோ போய்ச் சேருது."
மழையே இல்லாத மாசியிலும்
ஈரம் பிடித்தவர்.
லாரி டயரை உதைத்துச் சிரித்தார்.
போஜராஜன் மறுக்கவில்லை.
சமன்பாட்டில் அவருக்கும் இடமிருந்தது.

வரிசையில் யோகமலர்.
முப்பத்தொரு கிலோ முதுகில்,
கயிறு நெற்றியில் பள்ளம் பதித்திருந்தது.

"ஐயா, அந்தப் பக்கத்து யோகமலருக்கு
ரெண்டு கிலோ கூடுதுன்னா
அதைப் பறிச்சது யாரு?
காசு அவளுக்கு, கழுத்து வலி எனக்கா?
இல்ல வலியும் பாதி போகுமா?
விசாரிச்சுச் சொல்லுங்க.
அப்படியே தை மாசம் பிடிச்சதுக்கு
அவகிட்ட ஒரு ரசீது வாங்கிட்டு வாங்க."

யாரும் சிரிக்கவில்லை.
எடை போடும் பையன்
திரையில் பூஜ்யத்தையே பார்த்துக்கொண்டிருந்தான்.

போஜராஜன் நோட்டைக் கடைசியிலிருந்து திறந்தார்.
பென்சிலில் ஒரு கேள்வி, பலமுறை அழித்தது:
கோலுக்கும் எடை உண்டே,
அதை எந்த உலகத்தின் கணக்கில் எழுதுவது?
யோகமலரின் நெற்றியைப் பார்த்தார்.
பென்சிலை எடுத்தார்.
காதில் செருகிக்கொண்டார்.

நான் தராசைத் திருத்தினேன்.
நஞ்சுண்டனுக்கு நோட்டீஸ் எழுதினேன்,
அபராதம் அவருக்கு ஒரு நாள் டீச்செலவு.
யோகமலரின் மூட்டை மறுபடி ஏறியது:
முப்பத்தொன்று, முந்நூறு.
"முந்நூறு அவளுக்கு அனுப்பிராதீங்க" என்றாள்.

அறிக்கையில் 'குறைவுக்குக் காரணம்' என்ற கட்டம்.
'உயரம்' என்று எழுதினேன்.
மூன்று கிராம் நிஜம்,
ஒரு கிராம் பொய்.

கடைசிப் பஸ்.
பெட்டி மடியில்.
கண்டக்டர் வந்தார், ஒரு கையால்
பெட்டியைத் தூக்கிப் பார்த்தார்,
ஏதோ ஒரு கணக்கில்
லக்கேஜ் டிக்கெட் கிழித்தார்.